பாட்டுப் போடலாம், சேதி சொல்லக் கூடாதா? சிறுமொழி ஒலிபரப்பு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சென்னையில் இருந்துகொண்டு வாரம் ஒரு முறை சௌராட்டிர மொழியில் அரை மணி நேரம் செய்தி பதிவு செய்து இணையத்தில் ஏற்றும் சிறு குழு ஒன்றில் நானும் ஒருவன். என் தாய்மொழி தமிழ். பதிவு செய்வது, வெட்டி ஒட்டுவது, ஏற்றுவது என் பொறுப்பு. பேசுவதும் எழுதுவதும் அந்த மொழிக்காரர்கள். எங்களைப் பற்றிக் கேள்விப்பட்டவர்கள் நேரிலும் வாட்ஸ்அப்பிலும் கேட்பவை பெரும்பாலும் ஒரே கேள்விகள்தான். அவற்றுக்கு ஒரே இடத்தில் பதில் எழுதி வைக்கிறேன்.

சென்னையில் சிறுபான்மை மொழி என்று எதைச் சொல்கிறீர்கள்?

2011 மக்கள்தொகைக் கணக்குப்படி தமிழ்நாட்டில் ஏறத்தாழ 88 விழுக்காட்டினர் தமிழைத் தாய்மொழியாகப் பதிந்தவர்கள். மற்றவர்களில் தெலுங்கு, கன்னடம், உருது, மலையாளம் பேசுவோர் அதிகம். இந்த மொழிகளுக்கு வேறெங்காவது ஒரு பெரிய வீடு உண்டு. ஐதராபாத்திலிருந்தோ கொச்சியிலிருந்தோ ஒரு சேனல் சென்னை வீட்டுக்குள் வந்துவிடும். உருதுவுக்குத் திருவல்லிக்கேணியிலேயே ஒரு மரபு இருக்கிறது. 1927-இல் தொடங்கிய ‘தி முசல்மான்’ நாளிதழை காத்திப் எனப்படும் அழகெழுத்தர்கள் கையாலேயே எழுதி அச்சுக்கு அனுப்பி வந்தார்கள்.

சௌராட்டிரத்துக்கு அப்படி வேறொரு வீடு கிடையாது. மதுரை, சேலம், கும்பகோணம், பரமக்குடி, அங்கிருந்து பிழைக்க வந்த சென்னை, அவ்வளவுதான். 2011 கணக்கில் இந்தியா முழுவதும் பதிவானவர்கள் 2,47,702 பேர். அரசியல் சட்டத்தின் எட்டாம் அட்டவணையில் உள்ள 22 மொழிகளில் இது இல்லை. தமிழ்நாடே வானொலியில் கேட்டுக் கிறங்கிய டி.எம்.சௌந்தரராஜன் இந்த மொழி பேசும் குடும்பத்தில் பிறந்தவர். நரிக்குறவர்களின் வாக்ரிபோலியின் நிலைமை இதைவிட மோசம். அந்த மொழியில் ஒரு வரிச் செய்தியை ஒலிபரப்பில் நான் கேட்டதே இல்லை.

அவர்கள் எல்லோருக்கும் தமிழ் தெரியுமே. பிறகு எதற்குத் தனிச் செய்தி?

அதிகம் கேட்கப்படும் கேள்வி இதுதான். எனக்கும் முதலில் இந்தச் சந்தேகம் இருந்தது.

எங்கள் பதிவுக்கு வரும் ஒரு பாட்டி மதுரையில் தறி நெய்தவர். சென்னைக்கு மகன் வீட்டோடு வந்துவிட்டார். தமிழை என்னைவிட வேகமாகப் பேசுவார். ஓய்வூதியம் வாங்குபவர்கள் ஆண்டுதோறும் ஆயுள் சான்று தர வேண்டும் என்ற தமிழ்ச் செய்தியை ஒருநாள் போட்டுக் காட்டினேன். தலையாட்டிக்கொண்டே கேட்டார். என்ன சொன்னார்கள் என்று கேட்டால், “ஏதோ பென்ஷனாம், தம்பி” என்றார். அதே சேதியைப் பேத்தி அவர்கள் மொழியில் படித்தாள். பாதியிலேயே நிறுத்தச் சொல்லி மூன்று கேள்வி கேட்டார். கைரேகை விழாவிட்டால் என்ன செய்வது, தபால்காரரே வீட்டுக்கு வந்து எடுப்பாரா, தவறவிட்டால் பழைய மாதப் பணம் போய்விடுமா. மூன்றும் செய்தி எழுதிய நாங்கள் யோசிக்காதவை. அடுத்த வாரம் விசாரித்துப் பதில் சொன்னோம்.

ஒரு மொழி புரிவது வேறு, அந்த மொழியில் குறுக்கே கேள்வி கேட்கும் உரிமை தனக்கு இருப்பதாக உணர்வது வேறு. செய்திக்கு இரண்டாவதுதான் முக்கியம்.

இன்னொன்றும் உண்டு. பாட்டும் பழமொழியும் மட்டும் ஒலிக்கும் மொழிக்குப் புதுச் சொல் பிறப்பதில்லை. ‘நீர்த்தேக்கம் திறப்பு’, ‘முன்பிணை’, ‘தடுப்பூசி’ என்று எழுதிப் படிக்க உட்கார்ந்தால்தான் சொல்லைத் தேடுவோம். தமிழுக்கும் இப்படித்தான் நடந்தது. பிபிசியின் தமிழ் ஒலிபரப்புக்குப் பாரதியின் தொடரிலிருந்து ‘தமிழோசை’ என்று பெயர் எடுத்துக் கொடுத்தவர் யாழ்ப்பாணத்தைச் சேர்ந்த சோ.சிவபாதசுந்தரம். ‘ஒலிபரப்புக் கலை’ என்று ஒரு நூலே எழுதினார். ஒலிவாங்கிக்கு முன்னால் தினமும் உட்கார்ந்தவர்கள் தேய்த்துத் தேய்த்துப் பளபளப்பாக்கிய சொற்களைத்தான் இன்று நாம் சாதாரணமாகப் பேசுகிறோம்.

அப்படியானால் முறையாக ஒரு சமுதாய வானொலி தொடங்கலாமே?

தொடங்கலாம். ஒரு வட்டாரத்து மக்களுக்காக லாப நோக்கமில்லாமல் நடத்தும் சிறு எஃப்எம் நிலையம்தான் சமுதாய வானொலி. சென்னைக்கு இதில் பெருமையும் உண்டு. 2002 இறுதியில் கல்வி நிறுவனங்களுக்கு மத்திய அரசு அனுமதி தந்தது. அதன்படி நாட்டின் முதல் வளாகச் சமுதாய வானொலியாக 2004 பிப்ரவரி 1 அன்று கிண்டியில் அண்ணா பல்கலைக்கழகத்தின் ‘அண்ணா எஃப்எம்’ ஒலிக்கத் தொடங்கியது. அலைவரிசை 90.4. தொண்டு அமைப்புகளுக்கான கதவு 2006-இல் திறந்தது. அந்த வழியில் 2008 அக்டோபர் 15 அன்று, அன்றைய மேதக் மாவட்டத்தின் மச்னூரில் ‘சங்கம் ரேடியோ’ தொடங்கியது. நடத்துபவர்கள் தலித் பெண்கள். ஐதராபாத் வானொலியின் ஏட்டுத் தெலுங்கு தங்கள் வாயில் வராது என்பதால் தங்கள் வட்டாரப் பேச்சிலேயே ஒலிபரப்பினார்கள். எனக்கு இன்றும் முன்மாதிரி அவர்கள்தான்.

விதிகள் சுருக்கமாக: தனி ஆள், அரசியல் கட்சி, மத அமைப்பு, லாப நிறுவனம் விண்ணப்பிக்க முடியாது. ஒலிபரப்பு ஆற்றல் பொதுவாக 100 வாட். பத்துப் பதினைந்து கிலோமீட்டர் எட்டும். நிகழ்ச்சியில் பாதியாவது உள்ளூரில் தயாரானதாக இருக்க வேண்டும். வங்கி உத்தரவாதம் 25,000 ரூபாய். கோப்பு பல அமைச்சகங்களைச் சுற்றி வரும். பொறுமை வேண்டும்.

எங்களுக்கு எல்லை ஒரு சிக்கல். சௌராட்டிரக் குடும்பங்கள் சென்னையில் ஒரே பேட்டையில் இல்லை, ஊர் முழுக்கச் சிதறி இருக்கிறார்கள். பத்து கிலோமீட்டர் வட்டம் எங்கே போட்டாலும் பாதிப் பேர் வெளியே நிற்பார்கள். ஒரு அலுவலகத்தில் விசாரிக்கப் போனபோது மொழி என்ற கட்டத்தில் எங்கள் மொழியே பட்டியலில் இல்லை. “மற்றவைன்னு போட்டுடுங்க சார்” என்றார் அங்கிருந்தவர். கனிவாகத்தான் சொன்னார். ஆனால் என்னோடு வந்திருந்த பேத்தி படிக்கட்டில் இறங்கும் வரை பேசவே இல்லை.

எங்களைத் தடுத்தது எல்லையோ படிவமோ இல்லை. அடுத்த கேள்வியில் வருவதுதான்.

சமுதாய வானொலியில் செய்தி சொல்லக் கூடாதா?

கூடாது. தனியார் எஃப்எம்முக்கும் இதே தடைதான். ஆல் இந்தியா ரேடியோ தரும் செய்தியை அப்படியே, அல்லது சமுதாய வானொலி என்றால் உள்ளூர் மொழியில் பெயர்த்து, வாசிக்கலாம். சொந்தமாக நிருபர் போய்க் கேட்டு எழுதிய செய்திக்கு இடமில்லை. தொலைக்காட்சியில் இருபத்துநான்கு மணி நேரச் செய்திச் சேனல்கள் எத்தனையோ ஓடுகின்றன. நாளிதழுக்குத் தடையில்லை. வானொலிக்கு மட்டும்தான் இந்தப் பூட்டு. இதை எதிர்த்து ‘காமன் காஸ்’ என்ற அமைப்பு 2013-இல் உச்ச நீதிமன்றம் போனது. பாதுகாப்பு என்பதுதான் அரசு சொல்லிவரும் காரணம்.

செய்தி என்று கணக்கில் வராதவை என ஒரு பட்டியல் உண்டு. வானிலை, போக்குவரத்து, தேர்வு முடிவு, வேலைவாய்ப்பு, திருவிழா, விளையாட்டு. பிறகு மின்சாரம், குடிநீர், இயற்கைப் பேரிடர், நோய் எச்சரிக்கை பற்றி உள்ளூர் நிர்வாகம் தரும் அறிவிப்பு. ‘நிர்வாகம் தரும்’ என்ற சொல்லில்தான் எல்லாம் அடங்கியிருக்கிறது. “நாளை காலை தண்ணீர் வராது” என்று குடிநீர் வாரியம் சொன்னால் வாசிக்கலாம். “நேற்றே வந்திருக்க வேண்டும், ஏன் வரவில்லை?” என்று தெருவில் நாலு பேரைக் கேட்டு வந்து வாசித்தால் அது செய்தி. அதற்கு அனுமதி இல்லை.

2015 டிசம்பர் 1 இரவை நினைத்துப் பாருங்கள். செம்பரம்பாக்கம் தண்ணீர் அடையாற்றில் இறங்கியது. பல இடங்களில் மின்சாரம் போனது, கைபேசிக் கோபுரங்கள் செத்தன. 1878-இல் தொடங்கிய ‘தி இந்து’ மறுநாள் சென்னையில் அச்சாகவில்லை. அதன் வரலாற்றில் முதல் முறை. பேட்டரி போட்ட ரேடியோ வைத்திருந்தவர்களுக்கு மட்டும் ஏதோ கேட்டது. அந்த இரவில் எந்தத் தெருவில் இடுப்பளவு, எந்தப் பாலம் மூடியிருக்கிறது என்பது அங்கே நிற்பவர்களுக்குத்தான் தெரியும். அவர்கள் வாயால், அவர்கள் மொழியில் அதை அலையில் சொல்ல ஒரு நிலையம் இருந்திருந்தாலும், நிர்வாகத்தின் அறிவிப்பு கைக்கு வரும் வரை காத்திருந்திருக்க வேண்டும்.

சிறுமொழிக்கு இந்தத் தடை இரண்டு மடங்கு கனம். தமிழ் எஃப்எம்மில் செய்தி இல்லாவிட்டால் தமிழருக்குச் செய்தித்தாள் இருக்கிறது, சேனல் இருக்கிறது. சௌராட்டிரத்துக்கு அச்சில் நாளிதழ் இல்லை, சேனல் இல்லை. வானொலியிலும் இல்லை என்றால் அந்த மொழியில் செய்தியே இல்லை என்று பொருள். மொழியைக் கொலுப் படியில் வைத்துச் சுண்டல் கொடுத்து அனுப்புவது போல.

அலைவரிசை அரசாங்கத்துடையதுதானே? அது வைத்ததுதானே சட்டம்?

அலைவரிசை மக்களுடையது. 1995 பிப்ரவரியில் வங்காளக் கிரிக்கெட் சங்க வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இது: வானலைகள் பொதுச் சொத்து, அவற்றைப் பொது நன்மைக்காக ஒழுங்குபடுத்த ஒரு பொது அமைப்பு வேண்டும், அரசின் ஏகபோகமோ பணக்காரரின் ஏகபோகமோ கூடாது. அதுவரை 1885-இன் தந்திச் சட்டத்தை வைத்துத்தான் அரசு அலையைத் தன் பெட்டியில் பூட்டியிருந்தது. தீர்ப்பு வந்து முப்பது ஆண்டு கடந்துவிட்டது. ஏலம் வந்தது, தனியார் எஃப்எம் வந்தது, சினிமாப் பாட்டு வந்தது. செய்தி மட்டும் வரவில்லை.

இந்த ஊர் ஒலிபரப்பைத் தொடங்கியது அரசாங்கம் இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். கிருஷ்ணசாமி செட்டியும் நண்பர்களும் ஏற்படுத்திய மதராஸ் மாகாண ரேடியோ கிளப் 1924-லேயே ஒலிபரப்பியது. பணம் தீர்ந்து 1927-இல் நின்றது. கருவியை மாநகராட்சி வாங்கி 1930-இல் ரிப்பன் கட்டடத்திலிருந்து மறுபடி தொடங்கியது. மெரினாவில் ஒலிபெருக்கி வைத்தார்கள். ஆல் இந்தியா ரேடியோவின் மதராஸ் நிலையம் வந்தது 1938 ஜூன் 16 அன்றுதான்.

ரிப்பன் என்றதும் இன்னொரு செய்தி. 1878-இல் லிட்டன் பிரபு கொண்டுவந்த நாட்டுமொழிப் பத்திரிகைச் சட்டம் இந்திய மொழி இதழ்களுக்கு மட்டும் வாய்ப்பூட்டு. ஆங்கில இதழ்களைத் தொடவில்லை. வங்காளியிலும் வந்துகொண்டிருந்த ‘அமிர்த பஜார் பத்திரிகா’ தப்பிக்க முழு ஆங்கில இதழாக மாறியது. சட்டத்தை நீக்கிய வைஸ்ராய்தான் ரிப்பன். மொழியைப் பார்த்துச் சுதந்திரத்தை அளந்து கொடுக்கும் பழக்கம் அவ்வளவு பழையது.

இணையத்தில் போட்டால் பிரச்சினை இல்லையே?

அதனால்தான் இணையத்தில் இருக்கிறோம். ஒலிப்பதிவுக்கு அலைவரிசை உரிமம் தேவையில்லை. ஆனால் இங்கும் காற்று முழுக்கத் திறந்ததில்லை. 2021-இன் தகவல் தொழில்நுட்ப விதிகள் இணையச் செய்தி வெளியிடுவோருக்குப் புகார் அலுவலர், மூன்று அடுக்குக் கண்காணிப்பு என்று ஏற்பாடு வைத்தன. அதில் ஒன்பதாம் விதியின் முக்கியப் பகுதிகளை 2021-லேயே மும்பை உயர் நீதிமன்றமும் சென்னை உயர் நீதிமன்றமும் நிறுத்தி வைத்தன. அவசரமாக முடக்கும் அதிகாரம் இன்னும் இருக்கிறது.

அது எப்படி இருக்கும் என்பதை 2025 பிப்ரவரியில் சென்னை நேரில் பார்த்தது. ஒரு கேலிச்சித்திரத்துக்காக விகடன் இணையதளம் முழுவதும் திறக்காமல் போனது. மார்ச் 6 அன்று சென்னை உயர் நீதிமன்றம், அந்தப் படத்தைத் தற்காலிகமாக எடுக்கச் சொல்லி, தளத்தைத் திறக்க உத்தரவிட்டது. விகடனுக்கு வழக்கறிஞர் உண்டு, நூற்றாண்டு வாசகர்கள் உண்டு. மூவாயிரம் பேர் கேட்கும் ஒரு சிறுமொழி ஒலிப்பதிவு ஒருநாள் திறக்காமல் போனால் அது செய்தியாகக்கூட வராது.

கேட்பவர்கள் பக்கமும் ஒரு தடை இருக்கிறது. பாட்டிக்கு ஆப் திறக்க வராது. ரேடியோவின் ஒரு திருகு வரும். எங்கள் கேட்பாளர்களில் பாதிப் பேர் பேரப்பிள்ளை போட்டுவிட்டால்தான் கேட்கிறார்கள்.

பத்திரிகைச் சுதந்திரம் நம் அரசியல் சட்டத்தில் எங்கே இருக்கிறது?

தனியாக எழுதப்படவில்லை. 19(1)(அ) தரும் பேச்சுரிமைக்குள் அது அடக்கம் என்று நீதிமன்றங்கள் விளக்கின. அந்த விளக்கத்தின் ஒரு முக்கியப் பகுதி இந்த ஊர் வழக்குகளிலிருந்து பிறந்தது. 1950-இல் ‘கிராஸ் ரோட்ஸ்’ இதழ் மதராஸ் மாநிலத்துக்குள் வரக் கூடாது என்று மாநில அரசு தடை போட்டது. அதன் ஆசிரியர் ரமேஷ் தாப்பர் தொடுத்த வழக்கில் மே 26 அன்று உச்ச நீதிமன்றம் அதை நீக்கியது. பரப்பும் உரிமை இல்லாமல் பேசும் உரிமை இல்லை என்பது அதன் சாரம். ஒலிபரப்புக்காரர்கள் மனப்பாடம் செய்ய வேண்டிய வரி அது. 1994-இல் ஆட்டோ சங்கர் தன்வரலாறு தொடர்பாக நக்கீரன் தொடுத்த வழக்கில், வெளியாகும் முன்பே தடுக்க அரசுக்கு அதிகாரம் இல்லை, அவதூறு என்றால் பிறகு வழக்குப் போடலாம் என்றது.

தொலைக்காட்சிக்கு அண்மைய உதாரணம் மலையாளச் சேனல் மீடியா ஒன். 2022 ஜனவரி 31 அன்று உரிமத்தைப் புதுப்பிக்க மறுத்தார்கள். காரணத்தை மூடிய உறையில் நீதிபதியிடம் மட்டும் கொடுத்தார்கள். 2023 ஏப்ரல் 5 அன்று உச்ச நீதிமன்றம் சேனல் பக்கம் தீர்ப்பளித்தது. அரசின் கொள்கையைக் குறை கூறுவது அரசுக்கு எதிரான செயல் ஆகாது என்றது. நல்ல தீர்ப்பு. ஆனால் உறைக்குள் என்ன இருக்கிறது என்று தெரியாமல் ஓராண்டுக்கு மேல் ஒரு சேனல் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றது.

எல்லைகளற்ற செய்தியாளர்கள் அமைப்பின் 2025 பட்டியலில் 180 நாடுகளில் இந்தியாவுக்கு 151-ஆம் இடம். எண்ணை விட்டுவிடுங்கள், ஒரு மாவட்ட நிருபரைக் கேட்டுப் பாருங்கள்.

வேறு நாடுகளில் சிறுமொழிகள் எப்படி வென்றன?

கெஞ்சிப் பெற்றவர்கள் குறைவு. அயர்லாந்தின் கனமாரா பகுதியில் 1970-இல் இளைஞர்கள் அனுமதியில்லாமல் ஐரிஷ் மொழியில் ஒலிபரப்பினார்கள். இரண்டே ஆண்டில், 1972 ஏப்ரல் 2 அன்று, அரசே ஐரிஷ் வானொலி தொடங்கியது. வேல்ஸில் தனிச் சேனல் தருவதாகச் சொன்ன அரசு பின்வாங்கியபோது மக்கள் தொலைக்காட்சி உரிமக் கட்டணம் கட்ட மறுத்தார்கள். வெல்ஷ் தேசியக் கட்சியின் தலைவர் குவின்வோர் எவன்ஸ் 1980-இல் சாகும் வரை உண்ணாவிரதம் என்று நாள் குறித்தார். அரசு இறங்கி வந்தது. 1982 நவம்பர் 1 முதல் வெல்ஷ் சேனல் ஓடுகிறது.

துருக்கியின் குர்து மக்களுக்கு நடந்ததை நான் அடிக்கடி சொல்வேன். 2006-இல் தனியார் நிலையங்களுக்கு அனுமதி வந்தது. தொலைக்காட்சியில் ஒரு நாளைக்கு 45 நிமிடம், வாரத்துக்கு 4 மணி நேரம். துருக்கி மொழியில் வசன வரி கட்டாயம். குழந்தைகள் நிகழ்ச்சி கூடாது, மொழி கற்பிக்கக் கூடாது. வசன வரி போட வேண்டும் என்றால் நேரலை முடியாது. நேரலை முடியாது என்றால் இன்றைய செய்தியை இன்றே சொல்ல முடியாது. அனுமதி என்ற பெயரில் செய்தியை மட்டும் நுணுக்கமாகக் கழற்றி எடுத்திருந்தார்கள். நம் ஊர் விதியைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு இது நினைவுக்கு வரும்.

பாஸ்க் மொழியில் அப்போது முழுதாக வந்த ஒரே நாளிதழ் ‘எகுன்கரியா’. 2003 பிப்ரவரி 20 அன்று பயங்கரவாதத் தொடர்பு என்று சொல்லி ஸ்பெயின் மூடியது. 2010-இல் அந்த வழக்கில் சிக்கியவர்கள் எல்லோரும் விடுதலை. அதற்குள் ஏழு ஆண்டு போயிருந்தது. அந்த நாளிதழ் திரும்பி வரவில்லை.

தமிழுக்கே இந்த நிலைமை வந்ததுண்டா?

இலங்கையில் வந்தது. யாழ்ப்பாணத்தில் பிபிசிக்குச் செய்தி தந்த மயில்வாகனம் நிமலராஜன் 2000 அக்டோபர் 19 அன்று ஊரடங்கு நேரத்தில் தன் வீட்டிலேயே கொல்லப்பட்டார். வெளி நிருபர்கள் போக முடியாத இடத்திலிருந்து பேசிய குரல் அது. 2006 மே 2 அன்று, உலகப் பத்திரிகைச் சுதந்திர நாளுக்கு முந்திய இரவு, யாழ்ப்பாணத்துத் தமிழ் நாளிதழான உதயனின் அலுவலகத்துக்குள் புகுந்து சுட்டு இரண்டு ஊழியர்களைக் கொன்றார்கள். 2005-இல் கொழும்பில் ஒலிபரப்பாளர் ரேலங்கி செல்வராஜாவும் அவர் கணவரும் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அந்தப் பழி புலிகள் மீது விழுந்தது. மாற்றுக் குரலைப் பொறுக்காதவர்கள் ஒரு பக்கம் மட்டும் இல்லை.

2009-லும் 2013-லும் தமிழோசை இலங்கை அலைவரிசையில் இடையிடையே துண்டிக்கப்பட்டது. பிபிசி தன் நிகழ்ச்சிகளைத் தருவதையே நிறுத்திக்கொண்டது. இதையெல்லாம் சென்னையில் டீக்கடையில் நின்று கேட்டுக் கொதித்தவர்கள் நாம். ‘ஆகாசவாணி’ என்று பெயர் திணித்தபோது ‘வானொலி’ என்றுதான் சொல்வோம் என்று நின்றவர்கள் நாம். 2023 மே மாதம் அதே பெயரை மறுபடி வலியுறுத்திச் சுற்றறிக்கை வந்தபோதும் எதிர்த்தோம். பக்கத்து வீட்டுச் சிறுமொழி அதையே கேட்கும்போது நமக்கு எளிதில் புரிய வேண்டும்.

பணம் எங்கிருந்து வருகிறது?

எங்களுக்குக் கேட்பவர்கள் தரும் நூறு இருநூறுதான். சமுதாய வானொலிகளுக்கு 2024 முதல் மணிக்கு 12 நிமிட விளம்பரம், அரசு விளம்பரத்துக்கு 10 நொடிக்கு 74 ரூபாய் என்று உயர்த்தியிருக்கிறார்கள். முன்பு 7 நிமிடம், 52 ரூபாய். உதவிதான். ஆனால் வருமானத்தில் பெரும்பங்கு அரசு விளம்பரம் என்றால், அரசைக் கேள்வி கேட்கும் வாய் தானாகவே சிறுத்துவிடும்.

உங்கள் சமூகப் பெரியவர்களே நிறுத்தச் சொன்னால்?

சொன்னார்கள். கல்வி உதவி நிதி ஒன்றின் கணக்கு இரண்டு ஆண்டாகப் படிக்கப்படவில்லை என்று ஒரு வாரம் சொன்னோம். திட்டவில்லை, குற்றம் சாட்டவில்லை. கணக்கு எப்போது வரும் என்று மட்டும் கேட்டோம். இரண்டாம் நாள் ஒரு பெரியவர் வந்தார். காபி குடித்தார். “நம்ம பாஷையிலேயே நம்ம மானத்தை வாங்கணுமா?” என்று கேட்டார். வெளியாருக்குப் புரியாத மொழி என்பதால் அது வீட்டுக்குள் பேசும் பேச்சு என்று நினைக்கிறார்கள். உங்கள் பதிலை வெட்டாமல் முழுதாகப் போடுகிறோம் என்றோம். பேச மறுத்துவிட்டார்.

எங்களுக்காகப் படித்துவந்த ஒரு பெண் அடுத்த வாரத்திலிருந்து வரவில்லை. கல்யாண வயது, வீட்டில் சொல்லியிருக்கிறார்கள். அவள் குரலில் பதிவான பழைய நிகழ்ச்சிகளை அவள் கேட்டுக்கொண்டதால் எடுத்துவிட்டோம். எனக்கு அது இன்னும் ஆறவில்லை. சிறுமொழியில் செய்தி சொல்பவருக்கு ஒளிந்துகொள்ளக் கூட்டம் கிடையாது. எல்லோரும் எல்லோருக்கும் சொந்தம். அரசின் தடையை நீதிமன்றத்தில் கேட்கலாம். இதற்கு நீதிமன்றம் இல்லை.

தவறான செய்தி போய்விட்டால்?

அடுத்த நிகழ்ச்சியின் முதல் வரியாகத் திருத்தம் சொல்வோம், கடைசியில் சொல்ல மாட்டோம். ஒருமுறை முகாம் தேதியை மாற்றிச் சொல்லிவிட்டோம். ஒரு முதியவர் வெயிலில் போய்த் திரும்பினார். அவர் வீட்டுக்கு நேரில் போய் மன்னிப்புக் கேட்டோம். அன்றிலிருந்து தேதி, தொகை, பெயர் மூன்றையும் படிப்பவரைத் தவிர இன்னொருவர் அழைத்துச் சரிபார்க்காமல் பதிவைத் தொடங்குவதில்லை.

எந்த எழுத்தில் எழுதிப் படிக்கிறார்கள்?

மொழிக்குத் தனி எழுத்து உண்டு. 2008-இல் யூனிகோடிலும் ஏறிவிட்டது. ஆனால் எங்களிடம் படிக்கும் ஐந்து பேரில் நால்வர் தமிழ் எழுத்தில்தான் எழுதிக்கொள்கிறார்கள். தமிழில் இல்லாத ஒலிக்குப் பக்கத்தில் ஒரு புள்ளி வைத்துக்கொள்வார்கள். எழுத்துச் சண்டையைப் பெரியவர்களிடம் விட்டுவிட்டோம், காதுக்குப் போவதுதான் எங்கள் வேலை.

நாங்களும் எங்கள் மொழியில் தொடங்க வேண்டும். என்ன வேண்டும்?

ஒரு கைபேசி, நூறு ரூபாய் காலர் மைக், கனமான போர்வை இரண்டு. ஒன்று ஜன்னலுக்கு, ஒன்று மேசைக்கு. மின்விசிறியை நிறுத்திவிடுங்கள், பிரிட்ஜையும். பதிவு முடிந்ததும் பிரிட்ஜைப் போட மறக்காதீர்கள். முதல் நிகழ்ச்சிக்குப் பெரிய விஷயம் தேட வேண்டாம். உங்கள் தெரு ரேஷன் கடை எத்தனை மணிக்குத் திறந்தது என்று போய்ப் பார்த்து, கடைக்காரரிடமும் வரிசையில் நின்றவரிடமும் கேட்டு, இருவர் சொன்னதையும் உங்கள் மொழியில் சொல்லுங்கள்.

கற்றுக்கொள்ள வர விரும்பினால் ஞாயிற்றுக்கிழமை காலை ஐந்தரைக்கு வாருங்கள். ஆறே முக்காலுக்குத் தண்ணீர் லாரி தெருவுக்குள் வந்துவிடும். அதற்குள் பாட்டி பகுதியைப் பதிந்து முடித்துவிடுவோம்.